இருட்டினால் அலர்ட், விடிந்தால் நிசப்தம்: மோஷன் டிடெக்‌ஷனை எந்த எண்ணில் வைப்பது?

கேள்வி: 24 ஜூலை 2024, இரவு 11.50

ஒரத்தநாடு பக்கம் தென்னந்தோப்பு. தோப்பு வீட்டில் நான்கு ஐபி கேமரா, ஒரு என்விஆர் (கேமராப் படங்களைப் பதியும் பெட்டி). இருட்டியதும் போனில் அலர்ட் ஆரம்பித்தால் விடியும்வரை ஓயாது. திறந்து பார்த்தால் ஒன்றும் இருக்காது. சென்சிட்டிவிட்டியைக் குறைத்தேன். இப்போது ஆள் வந்து தேங்காய் பறித்துக்கொண்டு போனாலும் சத்தமே இல்லை. மோஷன் டிடெக்‌ஷன் என்பதே ஏமாற்று வேலை என்று நினைக்கிறேன். இல்லை என்பவர்கள் எந்த எண்ணில் வைக்க வேண்டும் என்று சொல்லுங்கள்.

25 ஜூலை, காலை 6.20

எண் கிடையாது. 'அறுபதில் வை, சரியாகிவிடும்' என்று யாராவது சொன்னால் அது அவர் வீட்டு வாசலுக்குச் சரி. உங்கள் தோப்புக்கு ஆகாது.

சாதாரண மோஷன் டிடெக்‌ஷனுக்கு ஆளும் தெரியாது, திருடனும் தெரியாது. கொஞ்ச நேரத்துக்கு முந்தைய படத்தையும் இப்போதைய படத்தையும் கட்டம் கட்டமாக ஒப்பிட்டு, எங்கே வெளிச்சம் மாறியது என்று பார்க்கும். அவ்வளவுதான் அதன் வேலை. மட்டை ஆடினாலும் மாற்றம், மட்டையின் நிழல் தரையில் ஆடினாலும் மாற்றம். இதுவோ ஆடி மாதம். அம்மியே பறக்கிறபோது தென்னை மட்டையைக் குற்றம் சொல்லி என்ன பயன்?

ஒன்று செய்யுங்கள். எந்த எண்ணையும் தொடாமல், அலர்ட் அதிகமாக வரும் நேரத்தில் லைவ் படத்தின் முன்னால் உட்கார்ந்து, அசைவு எங்கே காட்டுகிறது என்று மட்டும் பாருங்கள். பகலில் பார்த்துப் பயன் இல்லை. தொந்தரவு இரவில் என்றால் இரவில்தான் பார்க்க வேண்டும்.

25 ஜூலை, இரவு 9.10

"அதை எங்கே பார்ப்பது, ஆப்பில் காணோமே" என்று தோப்புக்காரர் கேட்டிருக்கிறார். ஆப்பில் பெரும்பாலும் இருக்காது. கம்ப்யூட்டரில் பிரவுசரைத் திறந்து, கேமராவின் ஐபி முகவரியை அடித்து, நேராகக் கேமராவுக்குள்ளேயே போக வேண்டும். கேமரா என்விஆரின் பின்பக்க பிஓஇ (ஒரே கேபிளில் கரண்டும் தரும்) போர்ட்டில் செருகியிருந்தால் அது தனி நெட்வொர்க்கில் உட்கார்ந்திருக்கும், வீட்டு வைஃபையிலிருந்து எட்டாது. அப்போது என்விஆரில் டிவியைச் செருகி மவுஸை வைத்துத்தான் வேலை.

ஹைக்விஷன் வகையில் மோஷன் பக்கத்தில் 'டைனமிக் அனாலிசிஸ்' என்று ஒரு டிக் உண்டு. போட்டால் அசைகிற இடத்தில் கட்டங்கள் மினுங்கும். போட்டும் தெரியவில்லை என்றால் 'லோக்கல்' பக்கத்தில் 'ரூல்ஸ்' அணைந்திருக்கும், அதையும் போடவும். டாகுவா வகையில் பகுதியை வரைகிற பக்கத்திலேயே ஓர் அலைக்கோடு ஓடும். பச்சையாக இருக்கும்வரை அசைவு எல்லைக்குள். சிவப்பானால் எல்லை தாண்டியாயிற்று, அலர்ட் போகிறது.

பழைய கேமரா பிளகின் (பிரவுசரில் சேர்க்கும் துணை நிரல்) கேட்டு அடம்பிடிக்கும். அது இன்டர்நெட் எக்ஸ்ப்ளோரர் காலத்துச் சங்கதி. குரோமில் 2015-க்குப் பிறகு அந்த மாதிரிப் பிளகின்களுக்கு இடமில்லை. எக்ஸ்ப்ளோரரையே 2022 ஜூனில் மைக்ரோசாஃப்ட் மூட்டை கட்டிவிட்டது. எட்ஜுக்குள் 'ஐஇ மோடு' இருக்கிறது, அதில் திறந்து பாருங்கள்.

27 ஜூலை, காலை 7.05

இரண்டு ஸ்லைடர் இருக்கிறதே, எது எதற்கு என்று பேராவூரணி நண்பர் கேட்கிறார். நல்ல கேள்வி. ஏனென்றால் தோப்புக்காரரின் வழக்கு முழுக்க இங்கேதான் இருக்கிறது.

சென்சிட்டிவிட்டி என்பது, ஒரு கட்டத்துக்குள் வெளிச்சம் எவ்வளவு மாறினால் அதை அசைவு என்று எடுத்துக்கொள்வது. த்ரெஷோல்டு என்பது, அப்படி மாறிய இடம் மொத்தப் பரப்பில் எவ்வளவு சேர்ந்தால் மணி அடிப்பது. முதலாவதை ஏற்றினால் அலர்ட் கூடும், இரண்டாவதை ஏற்றினால் குறையும். இரண்டையும் ஒரே பக்கம் இழுத்துவிட்டு 'ஒன்றுமே மாறவில்லையே' என்பவர்களைத் தினம் பார்க்கிறேன். சில பிராண்டில் ஒரே ஸ்லைடர்தான், இரண்டும் அதற்குள்ளேயே கலந்திருக்கும். லினக்ஸில் 'மோஷன்' என்ற இலவச மென்பொருள் வைத்திருப்பவர்களுக்கும் இதே கதைதான். அங்கே 'நாய்ஸ் லெவல்' தானாக 32-லும், 'த்ரெஷோல்டு' 1500 பிக்சலிலும் இருக்கும்.

தோப்புக்காரர் குறைத்தது சென்சிட்டிவிட்டி. இரவுப் படம் கறுப்பு வெள்ளை. ஆளின் சட்டையும் சாம்பல், பின்னால் இருக்கும் மரமும் சாம்பல். இரண்டுக்கும் வித்தியாசம் கம்மி. லென்ஸ் முன்னால் போகும் பூச்சியோ பளிச்சென்று வெள்ளை. அப்படியானால் சென்சிட்டிவிட்டியைக் குறைத்ததும் முதலில் காணாமல் போவது யார்? ஆள்தான். பூச்சி நிலையாக இருக்கும். அலர்ட்டும் நிலையாக இருக்கும்.

27 ஜூலை, இரவு 10.40

ட்யூப் லைட் வெளிச்சத்தில் படம் முழுக்கப் பட்டை பட்டையாக ஓடுகிறது, அதுவும் மோஷன் ஆகிறது என்கிறவர்: கேமராவில் 60 ஹெர்ட்ஸ் என்று இருக்கும். நம் கரண்ட் 50 ஹெர்ட்ஸ். மாற்றுங்கள், நின்றுவிடும்.

2 ஆகஸ்ட், காலை 6.00

தோப்புக்காரர் அனுப்பிய கிளிப்பைப் பார்த்தேன். வலது மூலையிலிருந்து இடது மூலைக்கு ஒரு வெள்ளைக் கயிறு. ஆடுகிறது, நிற்கிறது, மறுபடி ஆடுகிறது. சிலந்தி வலையின் ஒற்றை இழை. அதில் ஒரு பூச்சி சிக்கித் துடிக்கிறது. பேய் வீடியோ என்று போட்டால் ஒரு லட்சம் பேர் பார்ப்பார்கள்.

இதற்குக் கணக்கு இருக்கிறது. கேமராவின் ஐஆர் (அகச்சிவப்பு) லைட் லென்ஸைச் சுற்றியே இருக்கிறது. தூரம் பத்து மடங்கானால் வெளிச்சம் நூறில் ஒரு பங்காகும். லென்ஸுக்கு 10 சென்டிமீட்டர் முன்னால் இருக்கும் கொசுவையும் 10 மீட்டர் தள்ளி நிற்கும் ஆளையும் எடுத்துக்கொள்ளுங்கள். கொசு மேல் விழுவது பத்தாயிரம் மடங்கு வெளிச்சம். போதாக்குறைக்கு அது லென்ஸின் மூக்கு நுனியில் இருப்பதால் படத்தில் புறா அளவுக்குத் தெரியும். த்ரெஷோல்டை எவ்வளவு ஏற்றினாலும் அதைத் தாண்டிவிடும்.

ஆகவே ஸ்லைடரை விட்டுவிடுங்கள். விளக்கைப் பிரியுங்கள். கேமராவுக்குள் இருக்கும் ஐஆரை மெனுவில் அணைத்துவிட்டு, தனியாக ஓர் ஐஆர் ஃப்ளட் லைட்டை வாங்கி, கேமராவிலிருந்து இரண்டு மூன்று மீட்டர் தள்ளிச் சுவரில் மாட்டுங்கள். லென்ஸ் முன்னால் பறப்பது இருட்டில் பறக்கும், தரையில் நடப்பவன் வெளிச்சத்தில் நடப்பான்.

850 நானோமீட்டர் லைட் இருட்டில் லேசாகச் சிவந்து தெரியும். 940 தெரியவே தெரியாது, ஆனால் பெரும்பாலான கேமராக்களுக்கு அதில் எட்டும் தூரம் குறையும். தோப்புக்கு 850 போதும். சிவப்புப் புள்ளியைப் பார்த்துத் திரும்பிப் போகிறவன் போகட்டுமே.

2 ஆகஸ்ட், மதியம் 1.30

காலையில் எழுதியதோடு ஒன்று சேர்க்க வேண்டும். பூச்சி ஐஆர் லைட்டைத் தேடி வருகிறது என்று கீழே இருவர் பேசிக்கொண்டிருக்கிறார்கள். பூச்சிக் கண் கூர்மையாக இருப்பது புற ஊதாப் பக்கம். அகச்சிவப்பு பெரும்பாலும் அவற்றுக்குப் புலப்படாது. அவை வருவது பக்கத்தில் எரிகிற குண்டு பல்புக்கோ எல்இடிக்கோ. நெல் வயலை ஒட்டிய வீடுகளில் தத்துப்பூச்சியும் புகையானும் விளக்கைச் சூழ்ந்துகொள்வது எல்லாருக்கும் தெரிந்ததே. சிலந்தி அவற்றுக்காக வருகிறது. கேமராவின் கூடு கதகதப்பு, மேலே மழை மறைப்பு, எதிரே சாப்பாடு. அது ஏன் வேறு இடம் தேடப்போகிறது?

'இரவிலும் கலர்' என்று விற்கிற கேமராவில் வெள்ளை விளக்கு எரியும். வயல் பக்கம் அதை மாட்டுவதற்கு முன் இதை யோசித்துக்கொள்ளுங்கள்.

3 ஆகஸ்ட், இரவு 8.15

கொசு மருந்து ஸ்பிரேயைக் கண்ணாடி மேல் நேராக அடிக்காதீர்கள். முன்பக்கம் பிளாஸ்டிக்காக இருந்தால் மங்கிப்போகும். ஒட்டடைக்கோலால் தட்டலாம்தான், ஆனால் தட்டுகிற தட்டில் கேமரா இரண்டு விரல் திரும்பிவிடும். அசைவை இங்கே பார் என்று வரைந்துவைத்த கட்டமெல்லாம் வேறு இடத்தில் போய் உட்காரும். மெல்லிய பிரஷ், ஏணி, பொறுமை.

11 ஆகஸ்ட், காலை 9.45

தனி விளக்கு மாட்டியாயிற்று, பூச்சித் தொல்லை பெரும்பாலும் அடங்கிவிட்டது, ஆனால் மட்டை நிழல் இன்னும் மணி அடிக்கிறது என்று தோப்புக்காரர் எழுதியிருக்கிறார். இப்போதுதான் கட்டம் வரைய வேண்டும்.

முழுப் படத்துக்கும் கட்டம் போட்டுவிட்டு அப்புறம் மட்டையை அழிக்கிறார்கள் பலர். நான் தலைகீழாகச் செய்வேன். எல்லாவற்றையும் அழித்துவிட்டு, ஆள் கால் வைத்தே ஆக வேண்டிய இடத்தை மட்டும் வரைவேன். தோப்பில் அது எது? கேட், மோட்டார் கொட்டகை வாசல், வாய்க்கால் மேல் போட்ட பலகை, தேங்காய் குவிக்கிற இடம். வானத்தில் திருடன் வரமாட்டான், மேல் பாதி படத்துக்குக் கட்டம் எதற்கு?

பிரைவசி மாஸ்க்கை இதோடு குழப்ப வேண்டாம். அதைப் போட்டால் அந்த இடம் பதிவிலேயே கறுப்பாகிவிடும். மோஷன் கட்டத்தில் விட்டுவிட்ட இடம் பதிவாகும், மணி மட்டும் அடிக்காது. பக்கத்து வீட்டுக் கிணற்றடி உங்கள் கேமராவில் விழுகிறது என்றால் அங்கே பிரைவசி மாஸ்க்தான் போட வேண்டும். அந்த அத்தை வந்து சண்டை போடுவதற்கு முன்னால் போட்டுவிடுங்கள்.

11 ஆகஸ்ட், இரவு 10.20

மரம் ஏறியவனைக் கேமரா ஏன் விட்டது என்பதற்கு இன்னொரு காரணமும் இருக்கிறது. 2.8 மி.மீ. லென்ஸ் கிட்டத்தட்ட 100 டிகிரி அகலம் பார்க்கும். 20 மீட்டர் தள்ளி அது பிடிக்கிற அகலம் 47 மீட்டருக்கு மேல். 4 மெகாபிக்சல் படத்தின் 2560 பிக்சலை அதில் பரப்பினால் மீட்டருக்கு 54 பிக்சல். ஆள் தோள் அகலம் அரை மீட்டர் என்றால் 27 பிக்சல். இதையே கேமரா கூடவே அனுப்பும் 640 பிக்சல் சிறிய படத்தில், அதாவது சப் ஸ்ட்ரீமில், வைத்து ஆராய்ந்தால் ஏழு பிக்சல். ஏழு பிக்சல் ஆள் மெதுவாக மரம் ஏறுகிறான், யாருக்குத் தெரியும்?

எல்லாம் தெரிய வேண்டும் என்று அகல லென்ஸ் வாங்குகிறோம், கடைசியில் எதுவும் உருப்படியாகத் தெரிவதில்லை. தேங்காய் குவியலைப் பார்க்கும் கேமரா 6 மி.மீ. லென்ஸாக இருக்கட்டும்.

19 செப்டம்பர், காலை 5.50

நீடாமங்கலம் பக்கம் ஓர் அரிசி மில். அங்கே அழைத்திருந்தார்கள். விடியற்காலை மூன்று மணிக்கு நெல் அவிக்கிறார்கள். தொட்டியைத் திறந்ததும் ஆவி எழும்பி, ஐஆர் வெளிச்சம் பட்டு, மானிட்டரில் களம் முழுக்க வெள்ளைச் சுவர். அலைக்கோடு உச்சியில் சிவந்து நிற்கிறது, இறங்கவே இல்லை. முதலாளி தோளில் துண்டோடு பக்கத்தில் நிற்கிறார், கையில் போன் நடுங்கிக்கொண்டே இருக்கிறது.

மாஸ்க் போட்டால் களமே போய்விடும். ஸ்லைடர் எதற்கும் மசியாது. என்ன செய்யலாம் என்று யோசித்துக்கொண்டிருந்தபோது அவரே சொன்னார்: "ஆவி வந்தா அங்க நம்ம ஆளு இருக்கான்னு அர்த்தம் தம்பி. ஆவி வராத நேரத்துலதான் எனக்குப் பயம்."

அப்புறம் என்ன, அதையே ஷெட்யூலாகப் போட்டோம். அவிக்கிற நேரத்தில் களத்துக் கேமராவுக்கு மணி கிடையாது, கேட் கேமராவுக்கு மட்டும் உண்டு. பகலில் நெல் காயும்போது புறா இறங்கும், அப்போதும் கிடையாது. மீதி நேரம் முழு விழிப்பு. மோஷன் பக்கத்தில் 'ஆர்மிங் ஷெட்யூல்' என்று வாரத்தின் ஏழு நாளும் பட்டையாக இருக்கும். அதை யாரும் தொடுவதே இல்லை.

20 செப்டம்பர், இரவு 9.30

மணி அடிக்காவிட்டால் பதிவும் ஆகாதே என்று பதறுகிறார்கள். பதிவு வேறு, மணி வேறு. இரண்டையும் ஒரே முடிச்சாகப் போடுவதால்தான் இத்தனை பாடு. பதிவைத் தாராளமாக விடுங்கள், மணியைக் கஞ்சத்தனமாக வையுங்கள்.

டிஸ்க் தாங்குமா? 4 எம்பிபிஎஸ் (விநாடிக்கு 4 மெகாபிட்) ஓடும் கேமரா மணிக்கு 1.8 ஜிபி, நாளைக்கு 43 ஜிபி சாப்பிடும். நான்கு கேமரா என்றால் 173 ஜிபி. 2 டிபி டிஸ்க் 11 நாள் சொச்சம் வரும். அது போதாதென்றால், 512 கேபிபிஎஸ் சப் ஸ்ட்ரீமை நாள் முழுக்கவும், மெயின் ஸ்ட்ரீமை (முழு அளவுப் படம்) அசைவு வந்தபோது மட்டும் பதியலாம். சப் ஸ்ட்ரீம் ஒரு கேமராவுக்கு நாளைக்கு ஐந்தரை ஜிபி அளவுக்குத்தான் ஆகும். என்விஆர் அனுமதித்தால் அசைவுக்கு முன்பதிவு 5 விநாடி, பின்பதிவு 30 விநாடி வையுங்கள். முன்பதிவு இல்லாவிட்டால் ஆள் வருவது இருக்காது, முதுகுதான் இருக்கும்.

21 செப்டம்பர், காலை 7.00

நேற்றுச் சொன்ன சப் ஸ்ட்ரீம் யோசனை கேட் கேமராவுக்கு வேண்டாம். வந்துபோனது தெரியும், முகமும் நம்பர் பிளேட்டும் தெரியாது. கேட்டுக்கு நாள் முழுக்க மெயின் ஸ்ட்ரீம், மற்றதற்குச் சப்.

14 அக்டோபர், மாலை 6.40

"இந்தக் காலத்தில் இதெல்லாம் எதற்கு, ஏஐ கேமரா வாங்கினால் ஆள், வண்டி மட்டும்தான் சொல்லும்" என்கிறார் கும்பகோணத்துக்காரர். பாதிக்கு மேல் உண்மை. புதிதாக வாங்குகிறவர்கள் அதைத்தான் வாங்க வேண்டும். மட்டை, நிழல், மழை எல்லாம் ஓரளவுக்கு அதுவே தள்ளிவிடும். ஆனால் ஃப்ரிகேட் போன்ற கேமராப் பதிவு மென்பொருள்களில் முதலில் அசைவைத்தான் தேடுகிறது, அசைந்த இடத்தில்தான் ஆளா என்று பார்க்கிறது. அடியில் இருக்கும் மோஷன் அமைப்பு கெட்டுக் கிடந்தால் மேலே ஏஐ இருந்தும் கம்ப்யூட்டர் சூடாவதுதான் மிச்சம்.

தவிர, கட்டுமானம் நடக்கும் ஒரு வீட்டில் ஏஐ கேமரா இரவெல்லாம் 'மனிதன்' என்று சொல்லிக்கொண்டிருந்தது. மாடியில் தொங்கிய திருஷ்டி பொம்மை. முழுக்கைச் சட்டை, லுங்கி, வைக்கோல் அடைத்த கை கால், காற்றுக்கு ஆட்டம் வேறு. கேமரா சொன்னதில் எனக்கு ஒரு குற்றமும் தெரியவில்லை. கண் படாமல் இருக்கக் கட்டிய பொம்மைக்கே கேமராவின் கண் பட்டுவிட்டது என்று மேஸ்திரி சிரித்தார். அந்த மூலையை விட்டுவிட்டு வரைந்தோம்.

28 நவம்பர், இரவு 11.15

மழை. நாகை, திருவாரூர்ப் பக்கம் விட்டபாடில்லை, புயல் சின்னம் வேறு கடலில் நிற்கிறது. ஐஆர் வெளிச்சத்தில் ஒவ்வொரு துளியும் வெள்ளைக் கோடு, எல்லார் வீட்டிலும் அலர்ட் மழை. இன்று யாரும் ஸ்லைடரைத் தொட வேண்டாம். மழைக்காக மாற்றி வைத்ததைத் தையில் யாரும் திருப்பி வைப்பதில்லை. மணியை மட்டும் இரண்டு நாள் அணைத்துவிட்டு, பதிவை ஓட விடுங்கள்.

கரண்ட் போய் வந்த வீடுகளில் கேமராவின் கடிகாரத்தைப் பாருங்கள். சில 1970-க்கோ 2000-க்கோ போயிருக்கும். என்டிபி (நெட்டிலிருந்து நேரம் எடுக்கும் வசதி) போட்டுவிட்டால் நெட் வந்ததும் தானே திருத்திக்கொள்ளும். நேர மண்டலமும் முக்கியம். சீனாவிலிருந்து வரும் கேமராக்கள் பல ஜிஎம்டி கூட்டல் 8-இல் இருக்கும், நம்முடையது ஐந்தரை. கடிகாரம் இரண்டரை மணி முந்தி ஓடும். இரவு பத்திலிருந்து காலை ஐந்துவரை மணி அடிக்க வேண்டும் என்று ஷெட்யூல் போட்டிருக்கிறீர்கள். கேமராவுக்கு ஐந்து ஆகும்போது நமக்கு இரவு இரண்டரை. அதற்குமேல் அது தூங்கிவிடும். திருடன் மூன்று மணிக்கு வருவான்.

9 டிசம்பர், காலை 8.30

வேதாரண்யம் இறால் பண்ணைக்காரருக்கு: குளத்தை நோக்கிக் கேமரா வைத்து மோஷன் போடுவது வீண் வேலை. தண்ணீரில் காற்றைக் கலக்கும் ஏரேட்டர் சக்கரம் சுற்றுகிறவரை தண்ணீர் அசையும், நின்றால் காற்றில் அசையும், இரண்டும் இல்லாவிட்டால் கொக்கு வரும். கேமராவைக் கரையின் நீளத்துக்குப் பார்க்கும்படி திருப்பி, கரைப் பாதையில் மட்டும் 'லைன் கிராஸிங்' கோடு (தாண்டினால் மணி அடிக்கும்) போடுங்கள். ஏரேட்டர் நின்றுவிட்டதா என்று கேமராவை வைத்துத் தெரிந்துகொள்ளலாமா என்று கேட்டீர்கள். முடியும், ஆனால் கரண்ட் போனால் ஒலிக்கும் சாதாரண சைரன் அதைவிட நம்பகம்.

சோலார் 4ஜி கேமரா வேறு ஜாதி. அதில் பிஐஆர் சென்சார்தான் ஆளை உணர்ந்து கேமராவை எழுப்புகிறது. உடல் சூட்டுக்கும் சுற்றியுள்ள சூட்டுக்கும் உள்ள வித்தியாசத்தை அது பார்க்கிறது. கத்திரி வெயிலில் கரை மண்ணும் ஆளும் ஒரே சூட்டில் இருந்தால் எட்டும் தூரம் சுருங்கிவிடும். இன்னொன்று, குறுக்கே நடப்பவனை நன்றாகப் பிடிக்கும், நேராகச் சென்சாரை நோக்கி வருபவனைத் தாமதமாகத்தான் பிடிக்கும். பாதைக்கு எதிரே வைக்காதீர்கள், பக்கவாட்டில் வையுங்கள். உப்புக் காற்று ஊர் வேறு, நெட்வொர்க் கேபிளின் முனையைத் தண்ணீர் புகாத மூடிக்குள் வைக்காவிட்டால் பச்சை பூத்துவிடும்.

22 டிசம்பர், இரவு 10.05

சிங்கப்பூரிலிருந்து மகன் பார்க்க வேண்டும், ரவுட்டரில் போர்ட் திறந்துவிடலாமா என்று ஒருவர். வேண்டாம். 2016-இல் மிராய் என்ற நச்சு நிரல் இப்படித் திறந்து கிடந்த, கம்பெனிப் பாஸ்வேர்டை மாற்றாத கேமராக்களைத்தான் லட்சக்கணக்கில் பிடித்துக்கொண்டது. சிம் வழி நெட் என்றால் பொதுவாக அந்த ஐபி உங்களுக்கென்று தனியாக இருக்காது, திறந்தாலும் வேலை செய்யாது. வயர்கார்டு, டெயில்ஸ்கேல் மாதிரி விபிஎன் (பூட்டிய தனிப் பாதை) ஒன்றைப் போட்டுக்கொள்ளுங்கள், இல்லாவிட்டால் கம்பெனி ஆப்பே போதும்.

9 ஜனவரி 2025, காலை 7.20

பொங்கலுக்கு வெள்ளையடிக்கிறவர்கள் கவனிக்கவும். கேமரா மாட்டிய சுவரோ பக்கத்துச் சுவரோ புது வெள்ளையாகிவிட்டால் ஐஆர் அதில் பட்டு லென்ஸுக்குத் திரும்பி வரும். கேமரா கண்ணைக் கூசிக்கொண்டு மொத்தப் படத்தையும் இருட்டாக்கிவிடும். சுவர் படத்தில் விழாத மாதிரி கொஞ்சம் திருப்புங்கள். திருப்பினால் கட்டத்தையும் மறுபடி வரைய வேண்டும், இருட்டிய பிறகு ஒருமுறை அலைக்கோட்டையும் பார்க்க வேண்டும்.

வரைந்து முடித்ததும் 'கான்ஃபிகரேஷன் எக்ஸ்போர்ட்' செய்து ஒரு பென் டிரைவில் வைத்துக்கொள்ளுங்கள். ஃபெர்ம்வேர் (கேமராவின் உள் மென்பொருள்) அப்டேட்டில் சில கேமராக்கள் கட்டத்தை அழித்துவிடுகின்றன. அப்புறம், பெயின்டர் லென்ஸில் கட்டிய துணியை அவிழ்த்தாரா என்று பாருங்கள். 'வீடியோ டாம்பரிங்' அலர்ட் போட்டிருந்தால் அதுவே சொல்லும், போட்டிருப்பவர்கள்தான் குறைவு.